சம்மதம் என்று அவன் சொன்னான்

அந்தத் தொடரின் முதல் பகுதி ஒளிபரப்பான அன்று சாயங்காலம் எங்கள் வீட்டு ஹாலில் கால் வைக்க இடமில்லை. ஸ்ரீரங்கத்தில் அம்மா மண்டபம் சாலையிலிருந்து பிரியும் ஒரு தெருவில், அடுக்குமாடிக் குடியிருப்பில் நானும் அம்மாவும் இருக்கிறோம். அப்பா போன பிறகு, பழைய வாடகை வீட்டைக் காலி செய்துவிட்டு இங்கே வந்தோம். எதிர்வீட்டு அக்காவும் அவருடைய மருமகளும் வந்திருந்தார்கள். மேல்வீட்டு மாமி தன் வீட்டு நாற்காலியையே தூக்கிக்கொண்டு இறங்கி வந்துவிட்டார். அம்மா பட்டாணிச் சுண்டல் செய்து, எல்லோருக்கும் கிண்ணத்தில் போட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தாள். இவ்வளவுக்கும் காரணம், அந்தத் தொடரின் கதையை எழுதியவள் என் சிநேகிதி.

கல்லூரி முழுக்க ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவர்கள் நாங்கள். படிப்பு முடிந்ததும் நான் தென்னூரில் ஒரு ஸ்கேன் சென்டரில் எக்ஸ்ரே எடுக்கும் வேலைக்குச் சேர்ந்தேன். அவள் சென்னைக்குப் போய், சீரியல் கம்பெனிகளில் யார் யாருடைய பெயருக்கோ வசனம் எழுதிக்கொண்டிருந்தாள். அவளுடைய சொந்தப் பெயர் திரையில் வருவது இதுதான் முதல் தடவை. பத்து நாளுக்கு முன்பே போன் செய்து, கதை நம் ஊரில் நடக்கிறது, படப்பிடிப்பும் பாதி இங்கேதான், அம்மாவையும் உட்கார வைத்துப் பார் என்று சொல்லியிருந்தாள். எனக்குப் பெருமையாக இருந்தது. வேலை செய்யும் இடத்தில் எல்லோரிடமும் சொல்லி வைத்திருந்தேன்.

அன்று பஸ் நெரிசலில் நின்றுகொண்டே வந்து, கை கால் கழுவிவிட்டு, சமையலறை வாசலில் தரையில் உட்கார்ந்தேன். தொடர் ஆரம்பித்தது. கேமரா காவிரிக்கு மேலே பறந்தது, பாலத்தைத் தாண்டியது, ராஜகோபுரத்தை ஒரு சுற்றுச் சுற்றியது. மாமி நாற்காலியில் இருந்தபடியே கை கூப்பினார். கதாநாயகி தாவணி கட்டிக்கொண்டு கோலம் போட்டபடி அறிமுகமானாள். வேலைக்குப் போகிற பெண் என்று அவளுடைய அப்பா பெருமையடித்தார். என்ன வேலை என்று கடைசி வரை யாரும் சொல்லவில்லை. சிநேகிதியின் பெயர் வந்தபோது அம்மா கை தட்டினாள். நானும் தட்டினேன்.

அடுத்தது பெண் பார்க்கும் காட்சி. மாப்பிள்ளை வீட்டார் வந்து உட்கார்ந்து கேசரி சாப்பிட்டார்கள். பையன் பெண்ணோடு தனியாகப் பேச வேண்டும் என்று கேட்டான். இருவரும் மொட்டை மாடிக்குப் போனார்கள். கொடியில் துணி காய்ந்தது. பின்னால் கோபுரம் தெரிந்தது. கதாநாயகி கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்:

"உங்க மேல எந்தக் குறையும் இல்லை. எனக்கு இந்தக் கல்யாணம் வேண்டாம். கீழ போய் நீங்களே பிடிக்கலன்னு சொல்லிடுங்க. நீங்க சொன்னா யாரும் ஏன்னு கேக்க மாட்டாங்க."

வாயில் போட்ட சுண்டல் வாயிலேயே நின்றது. அது நான் பேசிய பேச்சு. ஒரு வார்த்தை மாறவில்லை.

கதாநாயகன் அவளையே பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு உதட்டோரம் சிரித்தான். கீழே இறங்கிப் போய், ஹாலின் நடுவில் நின்று, "அவங்களுக்குச் சம்மதம்" என்றான். வயலின் ஒலித்தது. எங்கிருந்தோ பூ கொட்டியது. எதிர்வீட்டு மருமகள் "செம" என்று கத்தினாள். மாமி, கெட்டிக்காரப் பையன் என்றார். அம்மா கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

எனக்கு இது நடந்தது என்னுடைய இருபத்தாறாவது வயதில். அப்போது மேலூர் சாலைப் பக்கம் வாடகை வீட்டில் இருந்தோம். அங்கேயும் மொட்டை மாடி இருந்தது. மணப்பாறையிலிருந்து ஒரு குடும்பம் என்னைப் பார்க்க வந்தது. பையனுக்கு அப்பா இல்லை. அம்மா மாவு மில் வைத்து நடத்திப் பையனைப் படிக்க வைத்தவர். பையன் திருச்சியில் ஏதோ கம்பெனியில் விற்பனைப் பிரிவில் இருந்தான். வெள்ளைச் சட்டை, வாரி விட்ட தலை, நிதானமான பேச்சு. பார்த்தவுடன் வேண்டாம் என்று சொல்லும்படி அவனிடம் எதுவும் இல்லை. எனக்கு அப்போது கல்யாணமே வேண்டாம். மேலே ஒரு கோர்ஸ் படிக்க நினைத்திருந்தேன். அதை வீட்டில் பல தடவை சொல்லியும் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அதனால்தான் அவனிடமே சொன்னேன். வந்தவனிடம் மரியாதையாக, தணிந்த குரலில், அவனுக்கு எந்த அவமானமும் வராதபடி சொன்னேன். அவன் தலையாட்டினான். "புரியுதுங்க" என்றான். இன்றும் அந்த "புரியுதுங்க" என் காதில் இருக்கிறது.

அவன் இறங்கிப் போன பிறகு நான் கொஞ்ச நேரம் மாடியிலேயே நின்றேன். அவ்வளவு நிம்மதியாக இருந்தது. கொடியில் காய்ந்த துணியை எடுத்து மடித்துக்கொண்டு கீழே வந்தேன். ஹாலில் எல்லோரும் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். அவனுடைய அம்மா எழுந்து வந்து என் தலையில் பூ வைத்தார். அப்பா வெற்றிலைத் தட்டை எடுத்துக்கொண்டிருந்தார். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. நான் சம்மதம் சொன்னதாக அவன் சொல்லியிருக்கிறான் என்று தெரிய ஒரு நிமிஷம் பிடித்தது. கையில் இருந்த துணியோடு நின்றபடியே, "நான் வேண்டாம்னுதான் சொன்னேன்" என்றேன்.

அறையே சிரித்தது. யாரோ ஒரு பெரியம்மா, பெண் வெட்கப்படுகிறது என்றார். அவனும் சிரித்தான். அப்பா மட்டும் சிரிக்கவில்லை. என் அருகில் வந்து, நாலு பேர் முன்னால் என்னைத் தலைகுனிய வைக்காதே என்று பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார். அம்மா என் தோளைப் பிடித்து உள்ளே கூட்டிக்கொண்டு போனாள். நான் உள்ளே இருக்கும்போதே வெளியே தட்டு மாற்றிக்கொண்டார்கள்.

அதற்குப் பிறகு நடந்ததை நினைத்தால் இப்போதும் ஆத்திரம்தான் வருகிறது. தென்னூரிலிருந்து வேலை முடிந்து சத்திரம் பஸ் நிலையத்துக்கு வருவேன். அங்கே அவன் பைக்கை நிறுத்திவிட்டு நிற்பான். வீட்டில் கொண்டுவிடுகிறேன் என்பான். வேண்டாம் என்றால், சரி, பஸ் வரும் வரை நிற்கிறேன் என்பான். ஸ்கேன் சென்டருக்கே ஸ்வீட் டப்பாவோடு வந்து, வரவேற்பில் இருந்த பெண்களிடம் தன்னை மாப்பிள்ளை என்று அறிமுகப்படுத்திக்கொண்டான். அவர்கள் என்னைக் கேலி செய்தார்கள். இப்படி ஒருத்தன் கிடைக்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டும் என்றார்கள். எனக்கு இஷ்டமில்லை என்று நான் சொல்லச் சொல்ல, அவர்களுக்கு அது இன்னும் சுவாரசியமாகப் போயிற்று. வேண்டாம் என்கிற சொல்லுக்கு அந்த மாதங்களில் அர்த்தமே இல்லாமல் போனது. அதை எத்தனை சத்தமாகச் சொன்னாலும் வெட்கம் என்றே எல்லோருக்கும் கேட்டது.

ஒரு நாள் சத்திரத்தில் நான் பஸ் ஏறப் போகும்போது மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டான். விடு என்றேன். விடவில்லை. பக்கத்தில் நின்ற ஒரு பெரியவர், யாரும்மா இது என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் அவன், "கட்டிக்கப் போறவ சார், கோவமா இருக்கா" என்றான். பெரியவர் சிரித்துவிட்டுத் தன் பஸ்ஸில் ஏறிப் போய்விட்டார். என் பஸ்ஸும் போய்விட்டது.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சிவந்த மணிக்கட்டைக் காட்டினேன். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்த்துவிட்டு, "கட்டிக்கப் போறவன்தானே பிடிச்சான். வேற யாராவதா பிடிச்சாங்க?" என்றாள். திரும்பவும் கீரைக்குக் குனிந்தாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை யாரிடமும் சொல்லாமல் மணப்பாறைக்குப் பஸ் ஏறினேன். விசாரித்துக்கொண்டு அந்த மாவு மில்லைக் கண்டுபிடித்தேன். மிளகாய் அரைத்துக்கொண்டிருந்தார்கள். வாசலில் நிற்க முடியாமல் தும்மினேன். அவனுடைய அம்மா முகத்தில் துண்டைக் கட்டிக்கொண்டு மிஷின் பக்கத்தில் நின்றிருந்தார். என்னைப் பார்த்ததும் மிஷினை நிறுத்தினார். மாடியில் நான் சொன்னது, கீழே அவன் சொன்னது, பஸ் நிலையம், மணிக்கட்டு, எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொன்னேன். "என் பையன் பொய் சொன்னான்னு சொல்றியாம்மா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். மில்லுக்குப் பின்னால்தான் வீடு. மகனைக் கூப்பிட்டார். மாடியில் இந்தப் பெண் உன்னிடம் என்ன சொன்னாள் என்று என் எதிரிலேயே கேட்டார். அவன் என்னைப் பார்த்தான். அங்கேயும் சிரித்தான்.

"வேண்டாம்னு சொன்னா. வெட்கத்துல சொன்னதும்மா அது."

அவர் துண்டை அவிழ்த்து முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"வெட்கப்படுறவ பஸ் ஏறி மணப்பாறை வரைக்கும் வரமாட்டாடா" என்றார்.

அவ்வளவுதான். மறுநாள் அவரே அப்பாவுக்குப் போன் செய்து, ஜாதகத்தில் ஏதோ தோஷம் இருப்பதாக ஜோசியர் சொல்கிறார், எங்களுக்கு இந்தச் சம்பந்தம் வேண்டாம் என்றார். பழியைத் தன் பக்கம் போட்டுக்கொண்டார். அதற்குப் பிறகு சத்திரத்தில் அவன் நிற்கவில்லை. மகனிடம் அவர் என்ன சொன்னாரோ தெரியாது. அந்த மாதங்களில் என் வார்த்தையை என் வார்த்தையாகக் கேட்டவர் அவர் ஒருவர்தான்.

டிவியில் அடுத்து வந்தது கதாநாயகனுடைய அம்மா.

பட்டுப்புடவை, இடுப்பில் சாவிக்கொத்து, நெற்றியில் பெரிய பொட்டு. கேமரா அவள் முகத்துக்கு மூன்று பக்கத்திலிருந்தும் போனது, ஒவ்வொரு தடவையும் இடி இடித்தது. மகன் சந்தோஷமாக இருப்பதைக் கதவிடுக்கில் நின்று பார்த்துக்கொண்டு, இந்தக் கல்யாணம் எப்படி நடக்கிறது என்று நானும் பார்க்கிறேன் என்று தனக்குத்தானே பேசினாள். ஜோசியரைக் கூப்பிட்டு, ஜாதகத்தில் தோஷம் என்று பொய் சொல்லச் சொன்னாள். எதிர்வீட்டு அக்கா, நாசமாப் போறவ என்று திட்டினார். அம்மா சுண்டல் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு, "இந்த மாதிரி பொம்பளைங்க நிஜமாவே இருக்காங்க, நான் பார்த்திருக்கேன்" என்றாள். சொல்லும்போது என் பக்கம் ஒரு தடவை பார்த்தாள்.

கடைசிக் காட்சியில் கதாநாயகி பஸ்ஸுக்கு நிற்கிறாள். கதாநாயகன் வந்து அவள் மணிக்கட்டைப் பிடிக்கிறான். அவள் உதறுகிறாள், அவன் விடவில்லை. அவள் கோபமாகத் திரும்புகிறாள், ஆனால் கண் மட்டும் கனிகிறது. படம் அப்படியே நின்றது. தொடரும் என்று போட்டார்கள். எதிர்வீட்டு மருமகள் பெருமூச்சு விட்டாள். பெண்ணுக்கும் உள்ளுக்குள் ஆசைதான் என்று மாமி தீர்ப்புச் சொல்லிவிட்டு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு கிளம்பினார். நான் எழுந்து போய்ச் சுண்டல் கிண்ணங்களைக் கழுவினேன். ஒன்று கை தவறி விழுந்து நெளிந்தது. அம்மா, என்ன கோபம் உனக்கு என்று ஹாலில் இருந்து கேட்டாள். நெளிந்த கிண்ணத்தை எடுத்துத் துடைத்தேன். வாயைத் திறந்தால் என்ன பேசுவேன் என்று எனக்கே தெரியவில்லை.

மறுநாள் வேலைக்குப் போனால், வரவேற்பில் இருக்கும் பெண் முதல் வேலையாக அந்தத் தொடரைப் பற்றித்தான் பேசினாள். அப்படிக் கையைப் பிடித்துக்கொண்டு விடாமல் நிற்கிற ஒருவன் தனக்கும் வர வேண்டுமாம். அவளை நான் என்ன சொல்ல? மதியம் சாப்பாட்டு நேரத்தில் மாடிப்படியில் போய் உட்கார்ந்து சிநேகிதிக்குப் போன் செய்தேன். எடுத்தவுடன், எப்படி இருந்தது, அம்மா என்ன சொன்னாங்க என்று குதூகலமாகக் கேட்டாள்.

"என் வாழ்க்கையை என்கிட்ட கேக்காம எடுத்தது ஒரு பக்கம். அதைத் தலைகீழா மாத்தி வெச்சிருக்கியேடி" என்றேன்.

தான் மாற்றவில்லை என்றாள் அவள். போன வருடம் அவள் திருச்சிக்கு வந்தபோது எங்கள் வீட்டுக்குப் போயிருக்கிறாள். நான் வேலையில் இருந்தேன். அம்மா அவளுக்குக் காபி போட்டுக் கொடுத்து, என் கல்யாணம் நின்ற கதையைச் சொல்லியிருக்கிறாள். பையன் தங்கமான பையன், என் மேல் உயிராக இருந்தான், பிடிவாதம் பிடித்த பெண்ணையும் விட்டுக்கொடுக்காமல் நின்றான், அவனுடைய அம்மாதான் ஜாதகம் அது இது என்று சொல்லிக் கெடுத்துவிட்டாள் என்று சொல்லி அழுதிருக்கிறாள்.

"நீயும் அப்ப சொன்ன. அம்மாவும் சொன்னாங்க. நீ சொன்னதுல கதை முதல் நாளே முடிஞ்சிடும்டி. வேண்டாம்னா வேண்டாம், அதுக்கு மேல என்ன எழுத? அம்மா சொன்னதுதான் கதையா இருந்துச்சு."

"முதல் நாளே முடிஞ்சிருக்கணும்னுதான்டி நான் சொன்னேன்" என்றேன்.

பஸ் நிலையத்தில் கையைப் பிடித்ததையும் அம்மாதான் சொன்னாளா என்று கேட்டேன். அந்தக் கேள்வி அவளுக்குப் புரியவில்லை. அப்படி நடந்ததா என்று திருப்பிக் கேட்டாள். அது அவளுக்குத் தெரியாது. நான் அவளிடம் சொன்னதில்லை, அம்மாவும் சொல்லவில்லை. எல்லாத் தொடரிலும் வருகிற காட்சிதானே என்று தானாகவே எழுதியிருக்கிறாள். எனக்கு அதுதான் தாங்க முடியாமல் போயிற்று. என்னிடமிருந்து எடுத்திருந்தால் திருட்டு என்று திட்டியிருப்பேன். எடுக்காமலே எழுத முடிகிறது. அவனும் இதைப் போல எதையாவது பார்த்துவிட்டுத்தான் சத்திரத்தில் வந்து நின்றிருப்பான். அந்தப் பெரியவரும் இதைப் போல எதையாவது பார்த்துவிட்டுத்தான் சிரித்துக்கொண்டு பஸ் ஏறியிருப்பார். இதை அவளிடம் சொன்னேன். நீ ரொம்ப சீரியஸா எடுத்துக்கிற என்றாள். வேண்டுமானால் கதாநாயகிக்கு இன்னும் துணிச்சல் வைக்கிறேன் என்றாள். அந்த மாமியாரை என்ன செய்வாய் என்று கேட்டேன். வில்லி இல்லாமல் தொடர் ஓடாதே என்றாள். நான் போனை வைத்துவிட்டேன். அதற்குப் பிறகு அவளோடு பேசவில்லை.

அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்தபோது அம்மா விளக்கேற்றிக்கொண்டிருந்தாள். முடிக்கும் வரை காத்திருந்தேன். பிறகு உட்காரச் சொன்னேன். சிநேகிதியிடம் என் கதையைச் சொன்னாயா என்று கேட்டேன். சொன்னேன், அதில் என்ன, அவள் நம்ம வீட்டுப் பெண் மாதிரிதானே என்றாள். நேற்றுப் பார்த்தது நம் கதை என்று உனக்குத் தெரியவில்லையா என்று கேட்டேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, "அந்தப் பையன் இவ்ளோ அழகா இல்லையே" என்றாள்.

நான் கத்திவிட்டேன். எதிர்வீட்டுக்குக் கேட்டிருக்கும், கேட்கட்டும் என்றுதான் கத்தினேன். மாடியிலிருந்து மணப்பாறை வரை எல்லாவற்றையும் முதலிலிருந்து சொன்னேன். இதையெல்லாம் அந்த நாட்களிலேயே சொன்னவள்தான் நான். அப்போது அம்மா பாதியிலேயே எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவாள். அன்று எழ விடவில்லை. மணிக்கட்டைக் காட்டியபோது அவள் என்ன சொன்னாள் என்பதை அவளுடைய வார்த்தையிலேயே சொன்னேன். அம்மா முகம் வெளுத்துவிட்டது. நான் அப்படிச் சொல்லியிருக்க மாட்டேன் என்றாள். கீரை ஆய்ந்துகொண்டிருந்தாய் என்றேன். முருங்கைக்கீரை என்றேன்.

"அன்னிக்கு நான் வேண்டாம்னு சொன்னது உனக்குக் கேட்டுச்சா இல்லையா?"

விளக்கைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "கேட்டுச்சு. நான் உங்கப்பா முகத்தைத்தான் பார்த்தேன். உன் முகத்தைப் பார்க்கல."

அதைக் கேட்டு என் மனம் இளகியது என்று எழுதினால் அதுவும் ஒரு சீரியல் ஆகிவிடும். எனக்கு இன்னும் கோபம்தான் வந்தது. கேட்டிருக்கிறது. கேட்டும் தோளைப் பிடித்து உள்ளே கூட்டிப்போயிருக்கிறாள். அதற்குப் பிறகு இத்தனை வருடம், வருகிறவர் போகிறவரிடமெல்லாம், எனக்காகப் பேசிய ஒரே மனுஷியைத் திட்டியிருக்கிறாள்.

சரியாகத் தொடர் ஆரம்பிக்கிற நேரத்துக்கு எதிர்வீட்டு அக்காவும் மருமகளும் வந்து நின்றார்கள். டிவி அணைந்திருந்தது. கேபிள் வரவில்லை என்று அம்மா சொன்னாள். அவர்கள் திரும்பிப் போனதும், இன்னும் பொய்தானா என்று கேட்டேன். அம்மா தலையைக் குனிந்துகொண்டாள். மறுநாளும் அவர்கள் வந்தார்கள், மறுநாளும் கேபிள் வரவில்லை. மூன்றாம் நாள் மருமகள், எங்கள் வீட்டில் வருகிறதே, ஒரே கேபிள்தானே என்று கேட்டாள். அம்மா என்னைப் பார்த்தாள். நான் உதவிக்குப் போகவில்லை. அம்மாவே சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றபடி அவர்களிடம் சொன்னாள்.

"அது எங்க வீட்ல நடந்ததுங்க. இவ வேண்டாம்னுதான் சொன்னா. அவன்தான் சம்மதம்னு சொன்னான். கையைப் பிடிச்சது நல்லதுக்கு இல்லை. எனக்கு அதைப் பார்க்க முடியல."

அக்கா, அப்படியா, எங்களுக்குத் தெரியாதே என்று ஏதோ சொல்லிவிட்டுப் போனார். அதற்குப் பிறகு அவர்கள் தங்கள் வீட்டிலேயே பார்க்கிறார்கள். அந்த வயலின் சத்தம் தினமும் சுவர் வழியாக எங்களுக்குக் கேட்கிறது. தொடர் நன்றாக ஓடுகிறது என்றும், கல்யாணக் காட்சியை விசேஷமாக எடுக்கப் போகிறார்கள் என்றும் ஸ்கேன் சென்டரில் பேசிக்கொண்டார்கள்.

ஒரு வாரம் கழித்து, மணப்பாறைக்கு ஒரு நடை போய்விட்டு வரலாமா, அந்த அம்மாவைப் பார்த்து ஒரு வார்த்தை பேச வேண்டும் என்று அம்மா கேட்டாள். நான் வரமாட்டேன் என்றேன். முட்டி வலிக்காரி, தனியாக எப்படிப் போவாள் என்று தெரிந்தே சொன்னேன். அவள் வற்புறுத்தவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் புடவை மாற்றிக்கொண்டு, தண்ணீர் பாட்டிலை எடுத்துக்கொண்டு, போயிட்டு வரேன் என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனாள். பால்கனியில் நின்று பார்த்தேன். தெரு முனை வரை மெதுவாக நடந்து போய் ஆட்டோவில் ஏறினாள். கூப்பிட்டு நிறுத்தலாம் என்று ஒரு கணம் தோன்றியது. நிறுத்தவில்லை.

மத்தியானம் கழிந்துதான் வந்தாள். புடவைத் தலைப்பில் மிளகாய் நெடி அடித்தது. தண்ணீர் குடித்துவிட்டு உட்கார்ந்தாள். மில் இன்னும் ஓடுகிறதாம். அந்த அம்மாவுக்கு வயதாகிவிட்டது, ஆனால் பார்த்தவுடனே அடையாளம் தெரிந்துகொண்டாராம். அவனுக்குக் கல்யாணம் ஆகி வெளியூரில் இருக்கிறான். மருமகள் பாதி நாள் அவளுடைய அம்மா வீட்டில்தான் இருக்கிறாளாம். அதற்கு மேல் அதைப் பற்றி அவர் பேசவில்லை. தொடரைப் பற்றி அவருக்கு எதுவும் தெரியாது, அம்மாவும் சொல்லவில்லை. உங்களை இத்தனை வருடம் தப்பாகப் பேசிவிட்டேன், மன்னித்துவிடுங்கள் என்று மட்டும் சொல்லியிருக்கிறாள்.

"அதுக்கு அவங்க என்ன சொன்னாங்க?" என்று கேட்டேன்.

அம்மா பாட்டிலின் மூடியைத் திருகிக்கொண்டே இருந்தாள்.

"என்னைத் திட்டினதைப் பத்தி ஒண்ணும் இல்லம்மா, அன்னிக்கு உங்க பொண்ணு தனியா வந்து நின்னா, நீங்க கூட வந்திருக்கணும்னு சொன்னாங்க" என்றாள்.

சொல்லும்போதே அழ ஆரம்பித்துவிட்டாள். நான் பக்கத்தில் போய் உட்காரவில்லை. அவர் சொன்னது சரிதான் என்று மட்டும் சொன்னேன். ஆமாம் என்று தலையாட்டினாள். அவள் காலையிலிருந்து எதுவும் சாப்பிட்டிருக்க மாட்டாள் என்று தெரியும். உள்ளே போய்ச் சாதத்தைப் போட்டு, ரசத்தைச் சுட வைத்து, தட்டைக் கொண்டுவந்து அவள் முன்னால் வைத்தேன்.